விரல் தள்ளியது, உயிர் போயிற்று!

பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடுமிடம் திருமுக்கூடல். அங்குள்ள பெருமாள் கோயில் சுவரிலே, வீரராசேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று உண்டு. 11ஆம் நூற்றாண்டினது. மாணவர்க்குப் பள்ளி, தங்க விடுதி, நோயுற்றால் படுக்க 15 படுக்கைகளோடு மருத்துவமனை, அங்கே இருக்க வேண்டிய மருந்துகள் — அத்தனையும் கல்லிலே! எண்ணினார்கள், அளந்தார்கள், பிறகே பொறித்தார்கள்.

இன்றைய மாணவன் கையிலே கைபேசி. எண்ணுவதில்லை, அளப்பதில்லை, வந்ததை வந்த நொடியே ஊருக்கெல்லாம் தள்ளிவிடுகிறான். "சிறுபிள்ளை விளையாட்டுத்தானே?" என்பீர்களோ, தோழர்களே?

செய்யாறு வருகிற வழி திருவண்ணாமலை மாவட்டம். அம்மாவட்டத்தில், போளூரை அடுத்த அத்திமூரிலே 2018 மே 9ஆம் நாள் நடந்ததைக் கேளுங்கள். குலதெய்வக் கோயிலுக்குச் சென்னையிலிருந்து காரில் வந்தது ஒரு குடும்பம். வழி கேட்டார்கள், குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்தார்கள். அதுவே குற்றமாயிற்று! 'பிள்ளை பிடிப்பவர்கள் திரிகிறார்கள்' என்ற பொய் வாட்ஸ்அப்பிலே முன்னரே ஊர் ஊராய்ப் பரவியிருந்தது. கூட்டம் திரண்டது. 65 வயது மூதாட்டி அடித்தே கொல்லப்பட்டார்.

அடித்தவர்களைக் காவல்துறை பிடித்தது. பொய்யைத் தள்ளிய விரல்களை யார் எண்ணுவது? 'நானா எழுதினேன்? வந்ததை அனுப்பினேன்' என்பார்கள்! அவ்வாண்டு ஜூலையிலே, ஒரே வேளையில் ஐந்து இடங்களுக்கு மேல் அனுப்பவொட்டாமல் இந்தியாவில் தடை போட்டது வாட்ஸ்அப் நிறுவனம். ஐந்து பேரும் ஐந்தைந்து பேருக்கு அனுப்பினால்? தடை எம்மட்டு!

2023 மார்ச்சிலே, தமிழகத்தில் பீகார்த் தொழிலாளரைக் கொல்கிறார்கள் என்று பொய்ப் படங்கள் பரவின. வேறெங்கோ நடந்தவற்றை இங்கே நடந்ததாகக் காட்டினார்கள். உழைக்க வந்தவர் அஞ்சினர். மூட்டை கட்டியவரும் உண்டு. தொழிலாளியைத் தொழிலாளிக்குப் பகையாக்க வாளா வேண்டும்? ஒரு பொய்ப்படம் போதுமே!

மாணவனைத் தனியே கேட்பானேன்? தறியிலே அமர்ந்த தந்தை, படித்த மகன் சொன்னால் நம்புகிறார். மகன் காட்டிய பொய், வீட்டிலே மெய்யாகிவிடுகிறது. படிப்பு தந்த மதிப்பை அவன் பொய்க்கு இரவல் கொடுக்கலாமா?

தோழர்களே! இன்றிரவு உங்கள் பிள்ளையை அருகே அழையுங்கள். எவர் சொன்னது? எங்கே நடந்தது? எப்போது நடந்தது? மூன்றுக்கும் விடை தெரியாததை அனுப்பாதே என்று சொல்லுங்கள்.

இழை அறுந்தால் நெசவாளி தறியை நிறுத்துகிறான். பிணைத்த பிறகே ஓட்டுகிறான். அந்த ஒரு நொடி நிதானம் மகனுக்கும் வரட்டும். அது ஓர் உயிரைக் காக்கும்!