பக்கத்து லாரி தூரத்தில் தெரியும், ஒரு நிமிஷம் இழுத்துக்கொண்டே போகும்: ‘ஆலிஸ்’ பாதிப்பு என்றால் என்ன?

எண்ணூர் விரைவுச் சாலையில் ட்ரெய்லர் ஓட்டுபவர், முன்னால் போகும் கன்டெய்னர் எத்தனை அடி தூரத்தில் இருக்கிறது என்று யோசிப்பதில்லை. கண் பார்க்கும், கால் பிரேக்குக்குப் போகும். துறைமுகத்தில் கிரேன் ஆபரேட்டருக்கும், காசிமேட்டில் விசைப்படகைக் கரைக்குக் கொண்டுவருபவருக்கும் அப்படித்தான். தூரத்தையும் நேரத்தையும் மூளையே அளந்து கொடுத்துவிடுகிறது.

அந்த அளவு சில நிமிடங்களுக்குத் தப்பாகிப் போகும் ஒரு நிலை உண்டு. பக்கத்தில் நிற்கும் லாரி எங்கோ தூரத்தில் பொம்மை சைஸில் தெரியும். சொந்தக் கை பெரிதாகிவிட்டது போல இருக்கும். எதிரில் இருப்பவர் ஃபாஸ்ட் ஃபார்வர்டில் பேசுவது போலத் தோன்றும். இல்லையென்றால், ஒரு நிமிஷம் நகரவே நகராது.

மருத்துவத்தில் இதற்கு ‘ஆலிஸ் இன் வொண்டர்லேண்ட் சிண்ட்ரோம்’ என்று பெயர். 1955-ல் ஜான் டாட் என்ற ஆங்கிலேய மனநல மருத்துவர் வைத்தது. லூயிஸ் கரோல் 1865-ல் எழுதிய கதையில் ஆலிஸ் சுருங்குவாள், திடீரென்று வளருவாள். கரோலுக்கும் மைக்ரேன் இருந்தது. கதையே அதிலிருந்துதான் வந்தது என்பது சுவாரஸ்யமான ஊகம், அவ்வளவுதான்.

பேயும் இல்லை, பைத்தியமும் இல்லை

இது வந்தவர்கள் பலர் வெளியே சொல்வதில்லை. ‘லூசுன்னு நினைப்பாங்க’ என்ற பயம். ஆனால், இவர்களுக்குத் தான் பார்ப்பது நிஜமல்ல என்று பெரும்பாலும் தெரிந்தே இருக்கும். இல்லாத ஒன்றை இவர்கள் பார்ப்பதில்லை. இருக்கிற பொருளின் அளவும் தூரமும்தான் மாறித் தெரிகின்றன. நெதர்லாந்தின் யான் டிர்க் பிளோம் 2016-ல் தொகுத்துப் பார்த்தபோது, 1955-லிருந்து மருத்துவ இதழ்களில் பதிவானவர்கள் 200 பேர்கூட இல்லை. சில நிமிடங்களில் சரியாகிவிடுவதை யார் டாக்டரிடம் போய்ச் சொல்கிறார்கள்?

பார்வை, தொடுதல், உடலின் நிலை பற்றிய தகவல்கள் எல்லாம் மூளையின் பின்பக்கவாட்டில் ஒன்று சேர்கின்றன. அங்கே செயல்பாடு கொஞ்ச நேரம் பிசகுகிறது என்பதுதான் இப்போதைய விளக்கம். பெரியவர்களுக்கு முக்கியக் காரணம் மைக்ரேன். தலைவலி வருவதற்கு முன்பே இந்தக் குழப்பம் வரலாம், சில சமயம் தலைவலியே இல்லாமலும் வரலாம். குழந்தைகளுக்கு எப்ஸ்டீன்-பார் போன்ற வைரஸ் தொற்று. தூங்கப்போகும் நேரத்தில் ‘அம்மா, சுவர் தூரமா போகுது’ என்று குழந்தை சொன்னால், கதை விடுகிறது என்று அதட்ட வேண்டாம். வலிப்பு நோயும் காரணமாகலாம். டெக்ஸ்ட்ரோமெத்தார்பன் உள்ள இருமல் மருந்தும், மைக்ரேனைத் தடுக்கவே கொடுக்கப்படும் டோபிரமேட் மாத்திரையும்கூடச் சிலருக்கு இதைத் தூண்டியிருக்கின்றன. அதற்காக மாத்திரையை நீங்களே நிறுத்திவிடக் கூடாது.

காற்றுதான் காரணமா?

வடசென்னையில் இந்தக் கேள்வி வராமல் இருக்காது. 2023 டிசம்பர் 26 நள்ளிரவில் எண்ணூர் பெரியகுப்பம் அருகே கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்து, மூச்சுத்திணறலோடு மக்கள் ஆஸ்பத்திரிக்கு ஓடியது யாருக்கும் மறக்கவில்லை. ஆனால் அம்மோனியா தாக்குவது கண், தொண்டை, நுரையீரலை. அது ஆலிஸ் பாதிப்பைத் தரும் என்று சொல்ல ஆதாரம் இல்லை. மைக்ரேன் வழியாக மட்டும் ஒரு தொடர்பு இருக்க முடியும்: கடுமையான நெடி, தூக்கக் குறைவு, நேரம் தவறிய சாப்பாடு எல்லாமே மைக்ரேனைக் கிளப்பக்கூடியவை. நைட் ஷிப்ட் பார்ப்பவருக்கு இதில் எதுவும் புதுசு இல்லை.

டாக்டரிடம் போகும் முன் ஒரு விஷயம் கவனித்து வையுங்கள். ஒவ்வொரு கண்ணாக மூடிப் பாருங்கள். ஒரு கண்ணில் மட்டும் உருவம் கோணலாகத் தெரிந்தால் விழித்திரைக் கோளாறாக இருக்கலாம். எந்தக் கண்ணை மூடினாலும் அப்படியே தெரிந்தால் மூளைப் பக்கம் பார்க்க வேண்டும். ஸ்டான்லியிலும், சென்ட்ரல் எதிரே ராஜீவ் காந்தி அரசு மருத்துவமனையிலும் நரம்பியல் பிரிவுகள் இருக்கின்றன. தேவைப்பட்டால் எம்ஆர்ஐ, இஇஜி எடுப்பார்கள். இதற்கென்று தனி மருந்து கிடையாது. எதனால் வருகிறதோ அதற்குத்தான் சிகிச்சை.

வேலை போய்விடுமா?

உண்மையான பயம் இதுதான். ஓட்டுநர் உரிமத்துக்கான படிவம் 1-ல் வலிப்பு, திடீர் மயக்கம், தலைசுற்றல் உண்டா என்று கேள்வி இருக்கிறது. மற்றவர்களுக்கு ஆபத்தாகும் வேறு நோய் உண்டா என்றும் கேட்கிறார்கள். எல்லாவற்றுக்கும் ‘இல்லை’ போட்டுவிட்டு வண்டி எடுப்பவருக்கு, ‘லாரி சின்னதா தெரியுது’ என்பது ஒரு நோயாகவே தோன்றாது. ஈஎஸ்ஐ உள்ள தொழிலாளி, போதுமான நாள் சந்தா கட்டியிருந்தால், ஆண்டுக்கு 91 நாள் வரை 70% ஊதியத்தோடு மருத்துவ விடுப்பு எடுக்கலாம். டிரிப் கணக்கில் ஓட்டும், ஈஎஸ்ஐ இல்லாத டிரைவருக்கு இது கிடையாது. அவர் ஓபியில் நிற்கும் நாளில் வருமானமும் இல்லை. பலர் மெடிக்கலில் தலைவலி மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டு அடுத்த லோடுக்குப் போவதற்கு இதைவிட வேறு காரணம் வேண்டியதில்லை.

ஓட்டும்போது தூரம் குழம்பினால் இண்டிகேட்டர் போட்டு ஓரம் கட்டுங்கள். முழுசாகத் தெளியும்வரை ஸ்டீயரிங்கைத் தொட வேண்டாம். கூடவே வாய் கோணினாலோ, பேச்சு குழறினாலோ, ஒரு கை பலமிழந்தாலோ அது பக்கவாதமாக இருக்கலாம். உடனே 108.