மயில் நிறத்தில் ஒரு மீன்: அறிந்து விற்போம்

மளிகை, பேன்சி வியாபாரத்தோடு பக்கத்தொழிலாக நாலு கண்ணாடித் தொட்டி வைத்து வண்ணமீன் விற்க விரும்பும் வணிக நண்பர்கள் நம்மிடையே உண்டு. சென்னை கொளத்தூரில் ஆக்சிஜன் அடைத்த பைகளில் வாங்கி இரவு பஸ் ஏற்றினால், சரக்கு விடியுமுன் பெரம்பலூர் வந்து சேரும். ஆனால் இது உயிருள்ள சரக்கு. அரிசியில் வண்டு விழுந்தால் புடைத்து விற்கலாம்; மீன் செத்தால் முதலே போயிற்று. ஆகவே அதிகம் அறியப்படாத ஓர் அழகு மீனைப் பற்றி இங்கே சொல்கிறோம்.

பெயரில் ஒரு குழப்பம்

அதன் பெயர் பீகாக் கட்ஜன். நாம் மயில் உளுவை எனலாம். நீல வெள்ளி உடல், அதில் சிவப்புக் கோடுகள், மஞ்சள் ஓரமிட்ட துடுப்புகள், வாலடியில் மயிற்கண் போன்ற கறுப்புப் பொட்டு. இரண்டு, இரண்டரை அங்குலமே வளரும்.

வியாபாரத்தில் இதைப் 'பீகாக் கோபி' என்றும் விற்கிறார்கள். அது சரியல்ல. நம் ஏரிகளிலும் கொள்ளிடத்திலும் பிடித்துக் குழம்பு வைக்கும் உளுவைதான் உண்மையான கோபி. உளுவையின் வயிற்றடித் துடுப்புகள் இரண்டும் ஒன்றாகி கிண்ணம் போலிருக்கும். கட்ஜனுக்கு அவை தனித்தனியே இருக்கும். இரண்டும் உறவுதான், ஆனால் ஒன்றல்ல.

பிறந்த இடம்

பப்புவா நியூகினியாவின் கிழக்குப் பகுதியில், மழைக்காடுகளின் சிற்றோடைகளும் குட்டைகளும் இதன் தாயகம். அமெரிக்க அறிஞர் ஜான் நிக்கல்ஸ் 1955-இல் இதற்கு அறிவியல் பெயரிட்டார். இன்று கடைக்கு வருபவை பெரும்பாலும் பண்ணையில் பெருக்கியவை.

வளர்ப்பு முறை

இருபது கேலன், அதாவது சுமார் 75 லிட்டர் தொட்டியில் இரண்டு மூன்று ஜோடிகள் தாராளமாக வாழும். செடியும், ஒளிய இடமும் வேண்டும். துள்ளி வெளியே விழும் மீன் என்பதால் மூடி அவசியம். முரட்டு மீன்களோடு சேர்க்கக் கூடாது.

அரியலூர்ப் பக்கம் சிமெண்டுக்குப் பெயர் போனது. அதே சுண்ணாம்பு நம் நிலத்தடி நீரிலும் கலந்திருக்கும். மிகக் கடின நீர் இம்மீனுக்கு ஒத்துவராது. மழைநீரைச் சேமித்துக் கலந்து ஊற்றுவது நல்லது. சரக்கு வந்ததும் பையை அப்படியே தொட்டி நீரில் கால்மணி நேரம் மிதக்கவிட்டு, வெப்பம் சமமான பிறகே மீனைத் திறந்துவிட வேண்டும்.

முக்கியமாகத் தீனி. கடையில் தொங்கும் உலர்தீனிப் பாக்கெட்டை இவற்றில் பல முதலில் தொடாது. கொசுப்புழு, ஆர்ட்டீமியா, உறையவைத்த புழு ஆகியவற்றைக் கொடுத்துத்தான் மெல்லப் பழக்க வேண்டும். இதைச் சொல்லாமல் விற்றால் மீன் பட்டினியில் சாகும். வாடிக்கையாளர் நம்மைத்தான் ஏசுவார்.

ஜோடி பார்த்தல்

ஆணுக்கு நெற்றி புடைத்திருக்கும். பெண்ணின் வயிறு மஞ்சளாகவும், கீழ்த்துடுப்பின் ஓரம் கறுத்தும் காணப்படும். ஒரு பி.வி.சி. குழாய்த் துண்டைப் போட்டாலே அதன் உட்கூரையில் முட்டையை ஒட்டிவிடும். பிறகு தகப்பன் வேலை தொடங்கும். குஞ்சு பொரியும்வரை, ஒரு வாரமோ பத்து நாளோ, ஆண் மீன் துடுப்பால் விசிறிக் காவல் காக்கும். கடை வாசலில் இதைக் காணும் பிள்ளைகள் நகர மாட்டார்கள்.

ஒரு வேண்டுகோள்

வளர்க்க முடியாத மீனை 'ஏரியில் விட்டால் புண்ணியம்' என்று நினைப்பவர் உண்டு. அது பாவம் என்பதே உண்மை. தொட்டி சுத்தம் செய்யும் என்று விற்கப்பட்ட சக்கர் மீன், தென்னமெரிக்காவிலிருந்து வந்து, இன்று தமிழகத்தின் பல நீர்நிலைகளில் பெருகி, மீனவர் வலைகளைக் கிழிக்கிறது. கரைவெட்டி ஏரிக்கு அந்தக் கதி வர வேண்டாம். அங்கே பறவைகள் பசியாறுவதும் நம் ஊர் மீன்களால்தான். வேண்டாத மீனைக் கடையிலேயே திருப்பித் தரும்படி ஒவ்வொரு வாடிக்கையாளரிடமும் சொல்வோம். நாமும் மறுக்காமல் வாங்கிக்கொள்வோம்.

சரியான பெயர், சரியான தீனி, திருப்பி வாங்கும் நாணயம் ஆகிய மூன்றும் இருந்தால், இன்று ஒரு ஜோடி வாங்கியவர் நாளை தொட்டிக்கும் தீனிக்கும் நம் கடையைத்தான் தேடி வருவார்.