அறுத்த வயலில் கரந்தை

வேப்பந்தட்டைப் பக்கத்து வாசகர் ஒருவர் எழுதியிருக்கிறார்: ஏரிப் பாசன வயலில் நெல் அறுத்த பிறகு, தாள்களுக்கு நடுவே ஊதா உருண்டைகளாகப் பூத்துக் கிடக்கிறதே, அது களையா, மூலிகையா?

இரண்டும்தான். அதன் பெயர் கொட்டைக்கரந்தை. 1753-இல் லின்னேயஸ் சூட்டிய பெயர் ஸ்பீராந்தஸ் இண்டிகஸ். ஆநிரை மீட்கப் போன வீரர்கள் சூடிய கரந்தை இதுதான் என்று கருதுவோர் உண்டு.

சூரியகாந்திக் குடும்பத்தில் ஒரு பூவாகத் தெரிவது பல பூக்களின் கொத்து என்பதைப் பள்ளியிலேயே படித்திருப்போம். கரந்தை அதற்கும் ஒரு படி மேலே போகிறது. அந்தச் சிறு உருண்டை, கொத்துகளெல்லாம் சேர்ந்த கொத்து! தீபாவளிக்கு அம்மா பிடிக்கும் லட்டில் ஒவ்வொரு பூந்தியும் தனியே ஒரு குட்டி லட்டாக இருந்தால் எப்படியோ, அப்படி. பிளேடால் குறுக்கே அறுத்து, லென்ஸ் வைத்துப் பாருங்கள். நடு அச்சைச் சுற்றிக் குட்டிக் கொத்துகள் நெருக்கியடித்து நிற்கும். ஒவ்வொன்றிலும் ஓரத்தில் பெண் பூக்கள், நடுவில் இரண்டு மூன்று இருபால் பூக்கள். சூரியகாந்திக்கு இருப்பதுபோல் இதழாக விரியும் ஓரப்பூ ஒன்றுகூட இராது. தண்டைத் தடவினால் நெடுக ஓடும் பல்விளிம்புச் சிறகு தட்டுப்படும். பிசுபிசுப்பும் காட்டமான வாசமும் விரலில் ஒட்டிக்கொள்ளும்.

எனக்குக் கவலை தருவது அதன் விதை. அமெரிக்காவிலிருந்து வந்த வெட்டுக்காயப் பூண்டும் இதே குடும்பம்தான். அதன் விதைக்குப் பஞ்சுக்குஞ்சம் உண்டு. காற்றில் ஏறி ஊர் ஊராகப் போய்விடும். கரந்தை விதைக்குக் குஞ்சமே கிடையாது. ஒரு வயலில் அழிந்துபோனால், காற்று அதைத் திரும்பக் கொண்டுவந்து சேர்க்காது.

வேப்பந்தட்டை பருத்திக்கென ஆராய்ச்சி நிலையமே உள்ள ஊர். சுற்றிலும் பருத்தியும் மக்காச்சோளமும்தான். ஈரம் காய்ந்துவரும் நெல்வயல்தான் கரந்தைக்குப் பிடித்த இடம். அதற்கு ஏரிக்குக் கீழே இருக்கும் கொஞ்ச நிலத்தை விட்டால் வேறு போக்கில்லை. பயிர் நிற்கும்போது களை எடுப்பதில் எனக்குக் குறையில்லை. அறுவடை முடிந்து சும்மா கிடக்கும் வயலில் களைக்கொல்லி அடிப்பதைத்தான் பொறுக்க முடியவில்லை. மருந்துக்குப் பறிப்பவர்களும் பூக்கும் முன்னரே சமூலமாக, அதாவது வேரோடு முழுச் செடியாகப் பிடுங்குகிறார்கள். அப்புறம் விதை எங்கிருந்து விழும்?

வாசகருக்கு என் வேண்டுகோள்: வரப்போரச் செடிகளையாவது விட்டுவையுங்கள். பங்குனியில் உருண்டைகள் பழுப்பேறிக் காய்ந்ததும் கையால் கசக்கி அதே வயலில் தூவிவிடுங்கள். உழவு அதற்குப் பிறகு இருக்கட்டும்.