ப்ரைமர் பெட்டி: ஆறு மணி நேரம் பின்னால போக ஆறு மணி நேரம் உள்ளே இருக்கணும்

இன்னைக்கு எபிசோடு ஒரு பெட்டியைப் பத்தி. 2004-ல வந்த 'ப்ரைமர்' படத்துல வர்ற டைம் மெஷின்தான் அந்தப் பெட்டி. ஷேன் கரூத் என்ற கணிதப் பட்டதாரி எழுதி, இயக்கி, நடிச்சு, எடிட்டிங், இசை வரைக்கும் தானே பார்த்துக்கிட்ட படம் இது. செலவு சுமார் 7,000 டாலர். ஓடுற நேரம் 77 நிமிஷம். அந்த வருஷம் சன்டான்ஸ் விழாவுல நடுவர் குழுவோட முதல் பரிசும் வாங்குச்சு. படத்தோட முடிச்சுகளை அவிழ்த்துதான் பேசப்போறேன். இன்னும் பார்க்கலைன்னா, பார்த்துட்டு வந்து கேளுங்க.

பார்த்தவங்க நிறைய பேர் "ஒண்ணும் புரியலப்பா"ன்னு சொல்ற படம் இது. ஆனா பெட்டியோட விதிகள் ரொம்ப எளிமை. அது புரிஞ்சுட்டா, படம் உண்மையில எதைப் பத்திப் பேசுதுன்னும் புரிஞ்சுடும்.

பெட்டி எப்படி வேலை செய்யுது?

ஏரன், ஏப். ரெண்டு பேரும் இன்ஜினியர்கள். வேலை முடிஞ்சதும் வீட்டு கராஜ்ல உட்கார்ந்து சொந்தமா ஏதாவது செஞ்சு பார்ப்பாங்க. பொருட்களோட எடையைக் குறைக்கிற ஒரு கருவியைச் செய்யப் போய், இது தற்செயலா கிடைக்குது. கருவிக்குள்ள வெச்ச ஒரு சின்ன பொம்மை மேல பூஞ்சை படிஞ்சிருக்கு. சில நாள்ல படியற அளவு இல்ல, வருஷக்கணக்கா சேரவேண்டிய அளவு. சந்தேகப்பட்டு ஒரு கைக்கடிகாரத்தை உள்ளே வைக்கிறாங்க. வெளியே ஒரு நிமிஷம் போனா, உள்ளே ஆயிரம் நிமிஷத்துக்கு மேல ஓடியிருக்கு.

ஏன் அப்படி? ரெண்டு டெர்மினஸுக்கு நடுவுல போய்ப் போய் வர்ற பஸ்ஸை நினைச்சுக்கோங்க. பெட்டியை ஆன் பண்ண நேரம் ஒரு டெர்மினஸ், ஆஃப் பண்ண நேரம் இன்னொண்ணு. உள்ளே இருக்கிற பொருள் காலத்துல முன்னாடி போகுது, பிறகு அதே தூரம் பின்னாடி வருது, திரும்ப முன்னாடி போகுது. பொம்மையும் கடிகாரமும் பஸ்ஸுலயே தூங்கிட்ட பயணி மாதிரி. எங்க இறங்கணும்னு அதுங்களுக்குத் தெரியாது, அதனால ஆயிரம் ட்ரிப் அடிக்குது. மனுஷனுக்குத் தெரியும். அவன் கடைசி டெர்மினஸ்ல ஏறி, முதல் டெர்மினஸ்ல இறங்கிடலாம்.

இதுலேர்ந்து ரெண்டு விதி வருது. ஒண்ணு, பெட்டியை ஆன் பண்ண நேரத்துக்கு முன்னாடி போகவே முடியாது. கம்ப்யூட்டர்ல ரீஸ்டோர் பாயிண்ட் மாதிரி. நேத்தே உருவாக்கி வெச்சிருந்தாதான் இன்னைக்கு அங்க திரும்பிப் போகலாம். 1988-ல கிப் தோர்னும் அவரோட மாணவர்களும் புழுத்துளையை வெச்சு யோசிச்ச டைம் மெஷினுக்கும் இதே வரம்பு உண்டு. ரெண்டாவது விதி, ஆறு மணி நேரம் பின்னால போகணும்னா, ஆறு மணி நேரம் பெட்டிக்குள்ள முழுசா இருந்தாகணும். ஷார்ட்கட் கிடையாது.

ஒரு நாளுக்கு 36 மணி நேரம்

ஒரு கணக்கு போடுவோம். காலையில 9 மணிக்குப் பெட்டியை ஆன் பண்றீங்க. பிறகு ஊருக்கு வெளியே ஒரு ஹோட்டல் ரூம்ல யார் கண்ணுலயும் படாம, எந்த போனும் பேசாம இருக்கீங்க. எந்தப் பங்கு ஏறுச்சுன்னு மட்டும் பார்த்து வெச்சுக்கிறீங்க. மதியம் 3 மணிக்கு வந்து, பெட்டியை ஆஃப் பண்ணி, ஆக்சிஜனோட உள்ளே படுக்குறீங்க. உள்ளே ஆறு மணி நேரம். வெளியே வந்தா காலை 9 மணி. இப்போ போய் அந்தப் பங்கை வாங்கலாம்.

ஹோட்டல்ல ஆறு, பெட்டியில ஆறு, அப்புறம் வழக்கமான நாள். உலகத்துக்கு 24 மணி நேரம் ஆன நாள், உங்க உடம்புக்கு 36 மணி நேரம். இதையே தினமும் செஞ்சா உடம்பு சும்மா விடுமா? படத்துல காதுலேர்ந்து ரத்தம் வருது, கையெழுத்து கோணலாகுது.

இதுல இன்னொரு சிக்கலும் இருக்கு. 9 மணியிலேர்ந்து 3 மணி வரைக்கும் உலகத்துல நீங்க ரெண்டு பேர்: ஹோட்டல்ல ஒருத்தர், பங்கு வாங்கப் போனவர் ஒருத்தர். ஹோட்டல் ஆள் 3 மணிக்குப் பெட்டிக்குள்ள போனாதான் கணக்கு சரியாகும். யாராவது அவரைத் தடுத்துட்டா, ரெண்டு பேரும் நிரந்தரமா இங்கேயேதான்.

யாருக்கும் சொல்லாத பெட்டி

இதுவரைக்கும் இது இன்ஜினியரிங் சமாச்சாரம். இனிமேதான் நட்பு சமாச்சாரம்.

ஏதாவது தப்பாப் போனா எல்லாத்தையும் ஆரம்பத்துலேர்ந்து சரி பண்ணணும்னு, ஏப் ஒரு பெட்டியை ரகசியமா முன்னாடியே ஆன் பண்ணி வெச்சிருக்கான். ஏரன்கிட்ட சொல்லல. ஒருநாள் பயந்துபோய் அதுல ஏறி முதல் நாளுக்கே வர்றான். அங்க ஒரு அதிர்ச்சி. ஏரன் அந்தப் பெட்டியை எப்பவோ கண்டுபிடிச்சு, இவனுக்கு முன்னாடியே வந்து நிக்கிறான். தன்னோட இன்னொரு பிரதிக்கு மயக்கமருந்து குடுத்துப் பரண்ல அடைச்சு வெச்சிருக்கான். அன்னைக்குப் பேசப்போற பேச்சு எல்லாத்தையும் ஏற்கெனவே ரெக்கார்ட் பண்ணி, காதுல கேட்டுக்கிட்டே பதில் சொல்றான்.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. உங்க நண்பன் உங்களைப் பார்த்துச் சிரிக்கிறான். அது நிஜமான சிரிப்பா, ஒத்திகை பார்த்த சிரிப்பா? இந்த உரையாடல் உங்களுக்கு முதல் தடவை. அவனுக்கு எத்தனாவது தடவைன்னு உங்களுக்குத் தெரிய வழியே இல்ல. என்னைப் பொறுத்தவரைக்கும் இந்தப் பெட்டியில பெரிய ஆபத்து இதுதான். ஒரே ஒரு ரகசிய ரீஸ்டோர் பாயிண்ட் இருந்தாலே போதும், ரெண்டு பேருக்கு நடுவுல நம்பிக்கைன்னு ஒண்ணு மிஞ்சாது. இத்தனைக்கும் ஏப் அதைக் கெட்ட எண்ணத்துல செய்யல. பாதுகாப்புக்குன்னுதான் செஞ்சான்.

கடைசியில ரெண்டு பேரும் பிரிஞ்சிடறாங்க. கராஜ்ல இந்தக் கண்டுபிடிப்பு நடக்கவே கூடாதுன்னு தடுக்க ஏப் அங்கேயே தங்கிடறான். ஏரன் வேற எங்கேயோ ஒரு பெரிய ஹால் அளவுக்குப் புதுசா ஒண்ணு கட்டிக்கிட்டு இருக்கான்.

இன்னொரு தடவை பார்க்கும்போது, ஏப் முதல்முதலா விஷயத்தைச் சொல்ல வர்ற பெஞ்ச் காட்சியில ஏரனோட காதைக் கவனிங்க. இயர்போன்ல பாஸ்கெட்பால் மேட்ச் கேட்கிறதா சொல்வான். நம்புறதா வேண்டாமான்னு நீங்களே முடிவு பண்ணுங்க. அடுத்த எபிசோடுல சந்திப்போம்.