மன்னார் வளைகுடாத் தீவுகள்: ஒருநாள் படகுப் பயணமும் மூச்சுக்குழல் நீச்சலும்

மன்னார் வளைகுடாத் தீவுகள் தூத்துக்குடிக்கும் இராமேசுவரத்துக்கும் இடையே, கரையை ஒட்டி வரிசையாக அமைந்த 21 சிறு தீவுகள் ஆகும். இவற்றைச் சுற்றிப் பவளப்பாறைகளும் கடற்புல் வெளிகளும் உள்ளன. தமிழ்நாட்டில் படகில் சென்று தீவைக் கண்டு, ஆழமில்லாத கடலில் முகத்தை அமிழ்த்தி நீரடி உலகைப் பார்த்து, அன்றே கரை திரும்பக்கூடிய பகுதி இதுவே. கோவை, திருப்பூர், வெள்ளகோவில், காங்கேயம் போன்ற கடலில்லாத ஊர்களிலிருந்து இராமேசுவரம் செல்பவர்கள் பலரும் அக்னி தீர்த்தத்தில் நீராடிவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். அவர்கள் கடந்து வரும் பாம்பன் பாலத்தின் தெற்கே இத்தீவுகள் உள்ளன என்பது பலருக்குத் தெரிவதில்லை.

இத்தீவுகள் பவளத்தால் ஆனவை. பவளம் உயிரோடிருக்கும் வரையே தீவும் இருக்கும். பயணிகளுக்கு வகுக்கப்பட்ட கட்டுப்பாடுகள் அனைத்தும் இந்த ஓர் உண்மையிலிருந்து பிறந்தவை.

அமைவிடமும் தீவுக் கூட்டங்களும்

தீவுகள் நான்கு கூட்டங்களாகப் பிரிக்கப்படுகின்றன. மண்டபம் கூட்டத்தில் சிங்கிள், குருசடை, புள்ளிவாசல், பூமரிச்சான், மனோலிபுட்டி, மனோலி, முயல் ஆகிய 7 தீவுகள் உள்ளன. கீழக்கரைக் கூட்டத்தில் முள்ளி, வாழை, தலையாரி, அப்பா, பூவரசன்பட்டி, வாலிமுனை, ஆனைப்பார் என 7 தீவுகள். வேம்பார் கூட்டத்தில் நல்லதண்ணி, புலுவினிச்சல்லி, உப்புத்தண்ணி என 3. தூத்துக்குடிக் கூட்டத்தில் வான், காசுவார், காரைச்சல்லி, விலங்குச்சல்லி என 4.

இவற்றின் மொத்த நிலப்பரப்பு 7 சதுர கிலோமீட்டருக்கும் குறைவு. கடல் மட்டத்திலிருந்து சில அடி உயரமே உள்ள மணல் திட்டுகள் இவை. இங்கு மக்கள் குடியிருப்பு இல்லை.

1986-ஆம் ஆண்டு இத்தீவுகளும் அவற்றைச் சூழ்ந்த கடலுமாக 560 சதுர கிலோமீட்டர் பரப்பு மன்னார் வளைகுடா கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. அதை உள்ளடக்கிய 10,500 சதுர கிலோமீட்டர் பரப்பு 1989-இல் உயிர்க்கோளக் காப்பகம் ஆனது. தேசியப் பூங்கா என்பதால் வனத்துறையின் அனுமதியின்றி எந்தத் தீவிலும் இறங்க முடியாது. மீனவர் ஒருவரிடம் பேசி வாடகைப் படகில் தீவுக்குச் செல்வது சட்டப்படி குற்றம். வழக்கில் சிக்குவது பயணி மட்டுமல்ல, படகுக்காரரும்தான்.

பயணம் தொடங்கும் இடங்கள்

குந்துகால்: பாம்பன் தீவின் தென்மேற்குப் பகுதியில் உள்ள சிற்றூர். 1897 ஜனவரி 26 அன்று விவேகானந்தர் மேலை நாடுகளிலிருந்து திரும்பி வந்து இறங்கியதன் நினைவாக இங்கு மண்டபம் உள்ளது. இங்கிருந்து வனத்துறையின் படகு குருசடைத் தீவுக்குச் செல்கிறது. கடல்வாழ் உயிரின ஆய்வில் குருசடை நெடுநாளாகப் பெயர் பெற்றது. சென்னை மாகாண மீன்துறை இங்கு ஆய்வு நிலையம் நடத்தியது. இத்தீவின் கரையோர உயிரினங்கள் பற்றிய விரிவான தொகுப்பு 1927-இல் வெளிவந்தது. முதுகெலும்பு உள்ளவற்றுக்கும் இல்லாதவற்றுக்கும் இடைப்பட்டதாக விலங்கியல் மாணவர்கள் படிக்கும் பலனோகிளாசசு என்னும் புழு இத்தீவின் மணலில் வாழ்கிறது.

பிச்சைமூப்பன்வலசை: ஏர்வாடிக்கு அருகில் உள்ளது. படகில் சென்று கடலின் நடுவே உள்ள மணல் திட்டைப் பார்த்து வரலாம்.

பிரப்பன்வலசை, காரங்காடு: இவ்விரண்டும் வடக்கே பாக் நீரிணைப் பக்கம் உள்ளவை, தேசியப் பூங்காவுக்கு வெளியே இருப்பவை. மூச்சுக்குழல் நீச்சலும் துடுப்புப் படகும் இங்கு பயிற்சியாளர் துணையுடன் நடத்தப்படுகின்றன. காரங்காட்டில் அலையாத்திக் காடும் உண்டு.

ஆகவே தீவைப் பார்ப்பது ஓரிடத்திலும் நீருக்குள் பார்ப்பது வேறோரிடத்திலும் அமைவதே பெரும்பாலும் வழக்கம். கட்டணமும் நேரமும் அவ்வப்போது மாறுவதால், புறப்படும் முன் இராமநாதபுரம் வனத்துறை அலுவலகத்தில் விசாரித்துக்கொள்வது நல்லது. வெள்ளகோவிலில் இருந்து மதுரை, பரமக்குடி, இராமநாதபுரம் வழியாக மண்டபம் ஏறத்தாழ 300 கிலோமீட்டர். இரவில் புறப்பட்டால் காலைப் படகுக்குச் சேர்ந்துவிடலாம்.

பயணத்துக்கு உரிய காலம்

இராமேசுவரம் பகுதி மீனவர்கள் மன்னார் வளைகுடாவைத் தென்கடல் என்றும், பாக் நீரிணையை வடகடல் என்றும் அழைக்கின்றனர். ஐப்பசி, கார்த்திகையில் வாடைக் காற்று வீசும்போது வடகடல் கொந்தளிக்கும். வைகாசி முதல் ஆவணி வரை தென்மேற்குக் காற்றில் தென்கடல் கொந்தளிக்கும். ஒன்று சீறும்போது மற்றது பெரும்பாலும் அடங்கி இருக்கும். இரண்டும் ஓரளவு அமைதியாகவும் நீர் தெளிவாகவும் இருப்பது தை முதல் பங்குனி வரை. காற்று எழும்புவதற்கு முந்தைய காலை நேரமே நீருக்குள் பார்க்க ஏற்றது. காற்று அடித்தால் அடிமணல் கலங்கி எதுவும் தெரியாது. புயல் எச்சரிக்கை உள்ள நாட்களில் படகுகள் நிறுத்தப்படும்.

மூச்சுக்குழல் நீச்சல் எப்படி வேலை செய்கிறது

ஸ்நார்கெலிங் எனப்படும் மூச்சுக்குழல் நீச்சலுக்கு மூன்று கருவிகள் தேவை: முகக்கண்ணாடி, மூச்சுக்குழல், துடுப்புக் காலணி. புதியவர்களுக்கு உயிர்காப்பு உடையும் கட்டாயம்.

நம் கண் காற்றில் பார்ப்பதற்காக அமைந்தது. நீர் நேரடியாகக் கண்ணைத் தொட்டால் ஒளி சரியாகக் குவியாது. எல்லாம் மங்கலாகத் தெரியும். முகக்கண்ணாடி கண்ணுக்கு முன் சிறிது காற்றை நிறுத்தி அந்தக் குறையைப் போக்குகிறது. ஆனால் ஒளி நீரிலிருந்து காற்றுக்கு வரும்போது வளைவதால், பொருள்கள் மூன்றில் ஒரு பங்கு பெரிதாகவும் கால் பங்கு அருகிலும் தோன்றும். கைக்கு எட்டுவது போல் தெரியும் மீன் எட்டாமல் போவது இதனால்தான். முகக்கண்ணாடி மூக்கையும் மூடியிருக்க வேண்டும். சற்று ஆழம் போகும்போது நீரின் அழுத்தம் கண்ணாடியை முகத்தில் அழுத்தும். மூக்கால் மெல்ல ஊதி அதைச் சமன் செய்யலாம். நீச்சல் குளத்தில் அணியும் கண்ணாடியில் இது முடியாது.

மூச்சுக்குழல் ஒரு முழ நீளத்துக்கு மேல் இருப்பதில்லை. இன்னும் நீளமாக இருந்தால் இன்னும் ஆழத்தில் மூச்சு விடலாமே என்ற கேள்வி இயல்பாக எழும். அதற்கு இரண்டு தடைகள் உண்டு. ஒன்று, நீளமான குழலில் நாம் வெளிவிட்ட காற்றே தங்கி, அதையே திரும்ப உள்ளிழுக்க நேரும். மற்றது, ஒரு மீட்டர் ஆழத்திலேயே நீரின் எடை மார்பை அழுத்துவதால் நெஞ்சுத் தசைகளால் காற்றை உள்ளிழுப்பது கடினமாகிவிடும். எனவே மூச்சுக்குழல் நீச்சல் என்பது நீர்ப்பரப்பில் குப்புற மிதந்து கீழே பார்ப்பதுதான். குழலுக்குள் நீர் புகுந்தால் பதறாமல் வேகமாக ஒருமுறை ஊதினால் வெளியேறிவிடும். இதைக் கரையோரம் இடுப்பளவு நீரில் பலமுறை பழகிய பிறகே படகிலிருந்து இறங்க வேண்டும்.

கிணற்று நீச்சலும் கடலும்

கொங்குப் பகுதியில் பலரும் நீச்சல் பழகியது தோட்டத்துக் கிணற்றில். இடுப்பில் சுரைக்குடுக்கையோ லாரி டியூபோ கட்டி இறக்கிவிடுவார்கள். அந்தத் துணிவு கடலிலும் உதவும். ஆனால் சில பழக்கங்களை மாற்றிக்கொள்ள வேண்டும். கிணற்று நீர் நகர்வதில்லை. எங்கே குதித்தோமோ அங்கேயே மேலே வரலாம். கடலில் நீரோட்டம் உண்டு. முகத்தை நீரில் வைத்துக் கால் மணி நேரம் மீன்களைப் பார்த்துக்கொண்டிருந்தால் படகு எங்கோ இருக்கும். அடிக்கடி தலையைத் தூக்கிப் படகைப் பார்ப்பதும், துணைக்கு ஒருவருடனே நீந்துவதும் அவசியம். உப்பு நீர் உடலை நன்கு தாங்குவதால் கை, கால்களை வேகமாக அடிக்கத் தேவையில்லை. முழங்காலை மடக்கி மிதிவண்டி மிதிப்பது போல் உதைத்தால் துடுப்புக் காலணி பவளத்தில் மோதும், அடிமணலும் கிளம்பும். இடுப்பிலிருந்து காலை நீட்டி மெல்ல அசைத்தால் போதும்.

நீருக்குள் காணக்கூடியவை

பவளம் பார்க்கக் கல்லாகவோ செடியாகவோ தோன்றினாலும் அது விலங்கு. குண்டூசித் தலை அளவிலிருந்து பெரிதாகும் பாலிப் என்னும் மெல்லுயிர்கள் கூட்டமாக வாழ்ந்து, சுண்ணாம்பைச் சுரந்து வீடு கட்டுகின்றன. மான்கொம்பு போலக் கிளைத்தவை, மூளை போல மடிப்புள்ளவை, மேசை போல விரிந்தவை எனப் பல வடிவங்கள் உண்டு. உருண்டைப் பவளம் ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டரே வளரும். தலையளவு இருக்கும் ஒரு பவளம் ஒரு மனிதரின் இளமைக் காலம் முழுவதும் வளர்ந்தது. அதை உடைக்க ஓர் உதை போதும்.

பவளத்தைக் கொறிக்கும் கிளிமீன், கடற்சாமந்தியின் நடுவே வாழும் கோமாளி மீன், கடல் அட்டை, கடற்குதிரை, நட்சத்திர மீன் ஆகியவை இக்கடலில் வாழ்பவை. முள்ளில் நஞ்சுள்ள சிங்கமீனும், தொட்டால் அரிக்கும் சொறிமீனும் இருப்பதால் எதையும் தொடாமல் பார்ப்பது பயணிக்கும் நல்லது.

பாக் நீரிணைப் பக்கம் பவளத்தைவிடக் கடற்புல்லே மிகுதி. மீன்குஞ்சுகளும் இறாலும் வளரும் இடம் அது. ஆவுளியா எனப்படும் கடற்பசுவின் உணவும் அதுவே. வளர்ந்த ஆவுளியா ஒன்று நாளொன்றுக்கு 30 முதல் 40 கிலோ கடற்புல் தின்னும். 2022 செப்டம்பரில் தமிழ்நாடு அரசு பாக் நீரிணையில் 448 சதுர கிலோமீட்டர் பரப்பைக் கடற்பசுப் பாதுகாப்பகமாக அறிவித்தது.

தேயும் தீவுகள்

21 தீவுகளில் விலங்குச்சல்லி, பூவரசன்பட்டி ஆகிய இரண்டும் இன்று கடலுக்குள் மூழ்கிவிட்டன. பட்டியலில் பெயர் இருக்கிறது, நிலம் இல்லை. இதற்கு முதன்மைக் காரணம் பவளம் தோண்டியதே. சுண்ணாம்புக் காளவாய்களுக்கும் வீடு கட்டுவதற்கும் பல பத்தாண்டுகள் படகு படகாகப் பவளம் வெட்டி எடுக்கப்பட்டது. பவளப்பாறை அலையின் வேகத்தை உடைக்கும் இயற்கையான தடுப்புச் சுவர். உடைந்த பவளத் துண்டும் மணலும் அதன் பின்னால் ஒதுங்கிச் சேர்ந்துதான் தீவு உருவாகிறது. சுவர் போனபின் அலை நேரடியாக மணலைத் தாக்கி அரித்துவிடுகிறது. 2001-இல் பவளங்கள் வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டன. புலிக்குரிய சட்டப் பாதுகாப்பு அன்றுமுதல் பவளத்துக்கும் உண்டு.

தோண்டுவது நின்றாலும் வேறு இடர்கள் வந்தன. பவளத்துக்குள் வாழும் நுண்பாசியே அதற்கு நிறத்தையும் உணவின் பெரும்பகுதியையும் தருகிறது. கடல்நீர் இயல்பைவிட ஓரிரு பாகை சில வாரங்கள் சூடானால் பவளம் அந்தப் பாசியை வெளியேற்றி வெளுத்துப்போகும். சூடு நீடித்தால் இறந்துவிடும். 1998, 2010, 2016 ஆண்டுகளில் மன்னார் வளைகுடாவில் பெரும் வெளுப்பு நிகழ்ந்தது. 2016-இல் உயிருள்ள பவளப் பரப்பு ஏறத்தாழ 39 விழுக்காட்டிலிருந்து 23 விழுக்காடாகக் குறைந்தது. பாக் நீரிணையில் வணிகத்துக்காக வளர்க்கப்பட்ட கப்பாபைகஸ் என்னும் அயல்பாசி குருசடையின் பவளங்கள் மேல் படர்ந்து அவற்றை மூடியது 2008-இல் ஆய்வாளர்களால் பதிவு செய்யப்பட்டது.

தூத்துக்குடிக்கு அருகில் மூழ்கும் நிலையில் இருந்த வான் தீவைக் காக்க, அதன் முன்னால் கடலடியில் கான்கிரீட்டாலான செயற்கைப் பார்கள் இறக்கப்பட்டன. பெரும்பகுதி நிலத்தை இழந்துள்ள காரைச்சல்லிக்கும் இதுபோன்ற முயற்சி மேற்கொள்ளப்பட்டுள்ளது. இயற்கை கூலியின்றிக் கட்டிய சுவரை மனிதர் பணம் செலவிட்டுக் கட்டவேண்டிய நிலை இது.

நீரடியை முன்பே அறிந்தவர்கள்

மூச்சுக்குழல் வருவதற்கு முன்பே இக்கடலின் அடியைக் கண்டவர்கள் உண்டு. முத்துக்குளிப்பவர்களும் சங்கு குளிப்பவர்களும் கல்லைக் காலில் கட்டிக்கொண்டு, மூச்சை அடக்கிப் பார்களில் இறங்கினர். இன்றும் பாம்பன், சின்னப்பாலம் முதலிய ஊர்களின் பெண்கள் கண்ணாடி அணிந்து, விரல்களில் துணி சுற்றிக்கொண்டு, மூச்சடக்கிக் குளித்துப் பாசி எடுக்கின்றனர். மரிக்கொழுந்துப் பாசி, கட்டைக்கோரை போன்றவை அகர் முதலிய பொருள்கள் செய்யப் பயன்படுகின்றன.

தேசியப் பூங்கா அறிவிக்கப்பட்ட பின் தலைமுறைகளாகச் சென்றுவந்த தீவோரங்கள் இவர்களுக்குத் தடைசெய்யப்பட்ட இடங்களாயின. பாசி வளர இடைவெளி விட்டு, மாதத்தில் குறிப்பிட்ட நாட்கள் மட்டுமே எடுப்பது என்று தாங்களே கட்டுப்பாடு வைத்துக்கொண்டும், தங்கள் உரிமைக்காகப் பேசியும் வருகின்றனர். அவர்களுள் ஒருவரான சின்னப்பாலம் லட்சுமி 2015-ஆம் ஆண்டின் சீகாலஜி பரிசைப் பெற்றார். கட்டணம் செலுத்தும் பயணிக்குத் திறக்கும் தீவு, அதை நம்பி வாழ்ந்தவருக்கு மூடியிருப்பது இங்கு இன்னும் தீராத சிக்கல். சூழல் சுற்றுலாவில் உள்ளூர் மக்களுக்கு வேலையும் வருவாயும் கிடைப்பது அதனாலேயே முக்கியமாகிறது.

பிற தீவுகள்

அந்தமானில் வண்டூரிலிருந்து செல்லும் ஜாலி பாய் தீவு 1983-இல் அமைந்த மகாத்மா காந்தி கடல்சார் தேசியப் பூங்காவைச் சேர்ந்தது. பவளத்துக்கு ஓய்வு தர ஜாலி பாய், ரெட் ஸ்கின் ஆகிய இரு தீவுகளும் ஆண்டில் மாறி மாறித் திறக்கப்படுகின்றன. இலங்கையில் திருகோணமலைக்கு வடக்கே நிலாவெளிக் கரையிலிருந்து ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் தொலைவில் உள்ள புறாத்தீவு 2003-இல் தேசியப் பூங்கா ஆனது. பவளத்தை மிக அருகில் காணக்கூடிய இடம் என்பதாலேயே, அங்கு அதன்மேல் ஏறி நிற்பவர்களால் பெரும் சேதமும் ஏற்பட்டுள்ளது.

பயணிகள் கடைப்பிடிக்க வேண்டியவை

* பவளத்தின் மேல் நிற்கவோ அதைப் பிடித்துக்கொள்ளவோ கூடாது. களைத்தால் மல்லாந்து மிதக்க வேண்டும்.
* சங்கு, சிப்பி, இறந்த பவளத் துண்டு எதையும் எடுத்து வரக்கூடாது. பவளத்தை வைத்திருப்பதே குற்றம். அந்தத் துண்டுகள்தாம் தீவின் மண்.
* வெயிலுக்குக் களிம்பு பூசுவதைவிட முழுக்கைச் சட்டை அணிவது நல்லது. சில களிம்புகளில் உள்ள வேதிப்பொருள் பவளத்துக்குக் கேடு.
* நெகிழிப் பையும் குப்பியும் தீவுக்குக் கொண்டுசெல்லக் கூடாது.
* மீன்களுக்குத் தின்பண்டம் போடக்கூடாது.
* வலிப்பு, இதய நோய், மூச்சிரைப்பு உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் நீரில் இறங்கக் கூடாது.
* கடல் நிலை சரியில்லை என்று படகோட்டி சொன்னால் அதுவே முடிவு. 300 கிலோமீட்டர் வந்துவிட்டோம் என்பது காற்றுக்குத் தெரியாது.