செம்மண் சாலை வகுக்கும் வழி

அலோர் ஸ்டார் முதல் கூலிம் வரையுள்ள தமிழ்ப்பள்ளிகளில் இன்று பயில்வோருள் பலர் லயத்தையோ பெரட்டுக்களத்தையோ கண்டறியாதவர். அவ்வாழ்வை அவர்க்கு எவ்வாறு உணர்த்துவது? நம் சிறுகதைகளும் நாவல்களும் ஆற்றிவந்த இப்பணியில் திரைப்படம் பிந்தியே இணைந்தது. அதற்கு வழிதிறந்தோருள் ஒருவர் தீபக் குமாரன் மேனன்.

அவரே எழுதி இயக்கிய 'செம்மண் சாலை' (2005) குறைந்த செலவில் டிஜிட்டல் முறையில் உருவானது. 1960களின் ரப்பர்த் தோட்டமொன்றிலிருந்து பல்கலைக்கழகம் செல்ல விழையும் சாந்தாவே அதன் மையம். அவ்வாண்டே பிரான்சின் நாந்த் நகரில் நடந்த மூன்று கண்டங்கள் திரைப்பட விழாவில் அது நடுவர் குழுவின் சிறப்புப் பரிசைப் பெற்றது. அடுத்த படமான 'சலங்கை' (2007), பரதம் பயில ஏங்கும் சிறுமி வாழும் நகர்ப்புறத்திற்கு நம்மை அழைத்துச் செல்கிறது.

ஒருவரே பல பொறுப்புகளைச் சுமப்பது தனி விருப்பத்தால் மட்டும் நேர்வதன்று. உள்ளூர்த் தமிழ்ப்படத்தின் சந்தை சிறிதாயிருப்பதும் அதற்குக் காரணமாகும். எனினும் இந்நெருக்கடியில் ஒரு நன்மையும் விளைந்தது. சென்னைத் திரைத்தமிழைப் பின்பற்றும் கட்டாயம் தளர்ந்தது. நம்மிடையே வழங்கும் பேச்சு திரையில் ஒலித்தது.

சஞ்சய் குமார் பெருமாள் எழுதி இயக்கிய 'ஜகாட்' (2015), தோட்டத்திலிருந்து பெயர்ந்தோரின் 1990களைக் காட்டி அவ்வழியை நீட்டியது. 2016ஆம் ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் அது சிறந்த மலேசியப் படமாகத் தேர்வுபெற்றது. மலாய் அல்லாத மொழிப் படங்களை எப்பிரிவில் வைப்பது என்னும் விவாதம் அவ்வாண்டு எழுந்திருந்தமை ஈண்டு நினைக்கத்தக்கது.

இப்படங்களைத் தோட்டப்புறச் சிறுகதைகளோடு சேர்த்து வகுப்பறைக்குக் கொண்டுவருதல் நம் கடமை என்று கருதுகிறோம்.