சேதனம் என்னும் சொல்: ஆய்வுகூடத்திலும் வயலிலும்

இலங்கையில் 2021ஆம் ஆண்டு மே மாதத்தில் இரசாயனப் பசளைகளினதும் பீடைகொல்லிகளினதும் இறக்குமதி வர்த்தமானி அறிவித்தல்மூலம் தடைசெய்யப்பட்டது. நாட்டின் விவசாயம் முழுவதும் சேதனப் பசளைக்கு மாறவேண்டும் என்பது அதற்குக் கூறப்பட்ட நோக்கம். தடைக்குள் அகப்பட்ட பொருள்களுள் முதன்மையானது யூரியா. அதே ஆண்டில், அதே நாட்டில், உயர்தர வகுப்பில் இரசாயனவியல் பயின்ற மாணவன், ஆய்வுகூடத்தில் முதன்முதல் தொகுக்கப்பட்ட சேதனச் சேர்வை யாது என்னும் வினாவுக்கு "யூரியா" என விடையெழுதிப் புள்ளி பெற்றிருப்பான். அவன் மறுநாள் விவசாய விஞ்ஞான வகுப்பில் அமர்ந்திருந்தால், அதே யூரியாவை அசேதனப் பசளைகளின் வரிசையிற் கண்டிருப்பான். இரண்டு இடத்திலும் அவன் எழுதியது சரி.

இம்முரண்பாடு எங்ஙனம் தோன்றியது என்பதையே நாம் இங்கு ஆராய முற்படுகின்றோம். விவசாயக் கொள்கையைப் பற்றிய முழுமையான மதிப்பீடு நமது நோக்கமன்று. ஆயினும் சொல்லைப் பின்தொடர்ந்து செல்பவர் வயலுக்கு வந்துசேர்வதைத் தவிர்த்தல் இயலாது.

ஐரோப்பிய மொழிகளில் இத்துறையைக் குறிக்கும் சொல், உறுப்பு, கருவி எனப் பொருள்படும் கிரேக்க அடியிலிருந்து வந்தது. உறுப்புகளையுடைய உடலம், அதாவது உயிரி, அதன் பொருட்பரப்பில் அடங்கும். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திற் சுவீடன் நாட்டு அறிஞர் பெர்சீலியசு அச்சொல்லை இரசாயனவியலின் ஒரு பிரிவுக்குப் பெயராக வழங்கினார். உயிரிகளிலிருந்து பெறப்படும் பொருள்கள் ஒருவகை, கனிப்பொருள்கள் மற்றொருவகை என்னும் பாகுபாடு அன்று இயல்பானதாகத் தோன்றிற்று. சர்க்கரை, எண்ணெய், சிறுநீரிலிருந்து 1773இற் பிரித்தெடுக்கப்பட்டிருந்த யூரியா முதலியன உயிரிகளின் உடலில் மட்டுமே உருவாகத்தக்கவை என்றும், அவற்றை ஆக்குவதற்கு உயிர்விசை ஒன்று வேண்டும் என்றும் பலர் கருதினர். எனவே இப்பெயர் வெறும் வகைப்பெயரன்று. உயிரைப் பற்றிய ஒரு கொள்கையையும் அது தன்னுட் கொண்டிருந்தது.

1828இற் பேர்லினிற் பணியாற்றிய வோலர், அமோனியஞ் சயனேற்றைத் தயாரிக்கும் நோக்கத்துடன் வெள்ளிச் சயனேற்றை அமோனியங் குளோரைட்டுடன் தாக்கமுறச் செய்தார். கிடைத்த வெண்பளிங்குகள் அமோனிய உப்புகளுக்குரிய இயல்புகளைக் காட்டவில்லை. அவை சிறுநீரிலிருந்து பெறப்பட்ட யூரியாவை எல்லா வகையிலும் ஒத்திருந்தன. மனிதனதோ நாயினதோ சிறுநீரகம் ஏதுமின்றித் தம்மால் யூரியா ஆக்கமுடியும் என்று அவர் பெர்சீலியசுக்கு மகிழ்ச்சியுடன் எழுதினார். அமோனியஞ் சயனேற்றும் யூரியாவும் ஒரே மூலகங்களை ஒரே விகிதத்திற் கொண்டவை. அணுக்கள் பிணைக்கப்பட்டுள்ள முறையே வேறு. சமபகுதியம் என இன்று நாம் அழைக்கும் தோற்றப்பாட்டின் சிறந்த எடுத்துக்காட்டுகளுள் இதுவும் ஒன்றாயிற்று.

இந்நிகழ்ச்சியோடு உயிர்விசைக் கொள்கை ஒரே நாளில் வீழ்ந்தது என நமது பாடநூல்கள் கூறும் கதை மிகைப்படுத்தப்பட்டது. வோலர் பயன்படுத்திய சயனேற்றே அக்காலத்தில் விலங்குப் பொருள்களிலிருந்து பெறப்பட்டமையால், உயிரின் தொடர்பு முற்றாக அறுந்துவிடவில்லை என வாதிட இடமிருந்தது. மேலும் அவரே 1824இற் சயனோசனிலிருந்து ஒட்சாலிக்கமிலத்தைப் பெற்றிருந்தார். ஆகவே "முதன்முதல்" என்னும் அடைமொழியும் ஐயத்திற்குரியது. காபனீர்சல்பைட்டிலிருந்து தொடங்கிப் படிப்படியாக அசற்றிக்கமிலத்தைக் கொல்பே 1845இல் தொகுத்தமையும், 1850களிற் பேர்த்தலோ ஆற்றிய தொகுப்புகளுமே அக்கொள்கைக்கு இடமில்லாமற் செய்தன. ஒரு பரிசோதனையால் ஒரு நம்பிக்கை மாய்வதில்லை. பல ஆய்வுகூடங்களின் பல்லாண்டு உழைப்பை ஒரு மனிதரின் ஒரு நாளாகச் சுருக்கிக் காட்டும் வரலாற்றெழுத்து முறையை நாம் விஞ்ஞானத்திலேனும் கைவிடுதல் நன்று.

கொள்கை மறைந்தபின் பெயருக்குப் புதிய பொருள் தேவைப்பட்டது. 1859இல் வெளிவரத் தொடங்கிய தமது பாடநூலிற் கெக்குலே இத்துறையைக் காபன் சேர்வைகளின் இரசாயனம் என வரையறுத்தார். இன்றுவரை நிலவுவது பெரும்பாலும் அதுவே. ஆனால் இவ்வரைவிலக்கணமும் முற்றிறுக்கமானதன்று. காபனீரொட்சைட்டு, காபனேற்றுகள், சயனைட்டுகள், காபைட்டுகள் ஆகியன காபனைக் கொண்டிருந்தும் வழக்கம்பற்றி அசேதனப் பகுதியிலேயே கற்பிக்கப்படுகின்றன. காபனும் ஐதரசனும் நேரடியாகப் பிணைந்திருத்தல் வேண்டும் என்னும் நிபந்தனையைச் சில நூல்கள் விதிக்கின்றன. அதனை ஏற்றுக்கொண்டால் காபன் நாற்குளோரைட்டு வெளியே நின்றுவிடும். யூரியாவும் நின்றுவிடும், அதன் காபன் அணு ஓர் ஒட்சிசனோடும் இரு நைதரசன்களோடும் பிணைந்துள்ளதேயன்றி எந்த ஐதரசனோடும் பிணைந்ததன்று. துறையின் வாயிலைத் திறந்ததாகப் போற்றப்படும் சேர்வையையே வெளியே நிறுத்தும் வரைவிலக்கணத்தை நாம் ஏற்க விரும்பவில்லை.

இனித் தமிழ்ச்சொல்லை நோக்குவோம். சேதனம் என்பது அறிவுடையது, உணர்வுடையது எனப் பொருள்படும் வடசொல். அறிவற்ற சடப்பொருள் அசேதனம். சைவசித்தாந்தம் பயின்றோருக்கு இவ்விணை புதியதன்று. இலங்கையிற் சுயமொழிக் கல்விக்கெனக் கலைச்சொற்கள் ஆக்கப்பட்ட காலத்தில் இவ்விணை இரசாயனவியலுள்ளும் நிலைபெற்றது. மானிப்பாயில் மருத்துவத்தைத் தமிழிற் கற்பித்த கிறீன் வழிவந்த 1875ஆம் ஆண்டு நூல் துறையின் பெயரையே "கெமிஸ்தம்" என ஒலிபெயர்த்து அமைதிகண்டது. பிற்காலத்தவர் பொருள்பெயர்க்க முயன்றனர். முயற்சி பாராட்டத்தக்கது. ஆனால் அவர்கள் சேதனம் என்ற சொல்லை எடுத்தபோது, மூலச்சொல்லின் உறுப்பு என்னும் கருத்தைவிட்டு, உயிர்விசைக் காலத்துக் கருத்தைப் பற்றினர். அதிலும் ஒருபடி மேலே சென்று, உயிருக்குப் பதிலாக உணர்வையே கூறினர். மெதேன் வாயுவுக்கும் பிளாத்திக்குப் பைக்கும் உணர்வு உண்டெனச் சொல்லின் நேர்ப்பொருள் கூறுகின்றது. இதனை எண்ணி நகைக்கலாம்; எனினும் ஒரு கலைச்சொல்லை அதன் வேர்ப்பொருள் கொண்டு மட்டும் நிராகரித்தல் முறையாகாது. அணு என்பது பிளக்கமுடியாதது எனப் பொருள்தரும் கிரேக்கப் பெயரைப் பிளக்கப்பட்ட பின்னரும் ஐரோப்பியர் மாற்றவில்லை.

தமிழ்நாட்டில் நிலைமை வேறு. அங்கே துறையின் பெயர் கரிம வேதியியல். உழவரிடையே வழங்கும் பெயர்கள் இயற்கை வேளாண்மை, இயற்கை உரம் என்பன. ஆங்கிலத்தில் ஒரு சொல்லால் உணர்த்தப்படும் இரண்டு பொருள்களை அவர்கள் இரு சொற்களாற் பிரித்துவிட்டனர். சிங்களத்திற் காபனோடு தொடர்புடைய "காபனிக" என்ற சொல்லே ஆய்வுகூடத்துக்கும் பசளைக்கும் பொதுவாக வழங்குகின்றது. ஆக, சிங்கள மொழியில் எருவும் காபனின் பெயரைப் பெற்றது. ஈழத்துத் தமிழிற் காபனும் உணர்வின் பெயரைப் பெற்றது. இரு மொழிகளிலும் மயக்கம் ஒன்றே, அது வந்த திசைதான் வேறு.

விவசாயத்தில் இச்சொல் வழங்கத் தொடங்கியமைக்கு இரசாயனவியல் காரணமன்று. 1940இல் இங்கிலாந்தைச் சேர்ந்த நோர்த்போண் பிரபு, பண்ணை முழுவதையும் உறுப்புகள் ஒன்றையொன்று தாங்கும் ஓர் உயிருடலாகக் கண்டு, அப்பண்ணைமுறைக்கு இப்பெயரைச் சூட்டினார். மண், கால்நடை, பயிர், மனிதர் யாவும் ஒரே உடலின் உறுப்புகள் என்பது அக்கருத்து. அங்கே காபன் அணுவைப் பற்றிய பேச்சே இல்லை. ஆகவே ஒரு பொருள் சேதன விவசாயத்திற்கு ஏற்றதா என்பதை அதன் மூலக்கூற்றை நோக்கி முடிவுசெய்ய இயலாது. அது பெறப்பட்ட வழியையும் அப்பண்ணைமுறையின் விதிகளையும் நோக்கியே முடிவுசெய்யவேண்டும்.

இதனைத் தெளிவாக்க எப்பாவலையைக் காட்டலாம். அனுராதபுர மாவட்டத்தில் 1971இற் கண்டறியப்பட்ட அப்பாறைப் பொசுபேற்று ஒரு கனிப்பொருள். இரசாயனவியல் வகுப்பில் ஐயமின்றி அசேதனம். ஆனால் இயற்கையான பாறைப் பொசுபேற்றைச் சேதன விவசாய நியமங்கள் அனுமதிக்கின்றன. யூரியாவோ வகுப்பிற் சேதனம், வயலில் விலக்கு. அமோனியாவும் காபனீரொட்சைட்டும் உயரமுக்கத்தில் இணைந்து இன்றைய யூரியா உருவாகின்றது. அந்த அமோனியாவுக்கு வேண்டிய ஐதரசன் இயற்கை வாயுவிலிருந்தோ நிலக்கரியிலிருந்தோ வருகின்றது. அவையிரண்டும் பழங்கால உயிரிகளின் எச்சங்களே என்பதை நினைவுகூர்ந்தால் மயக்கம் மேலும் ஒரு மடங்கு கூடும்.

பயிரைக் கேட்டால் அது என்ன கூறும்? மண்ணில் இடப்பட்ட யூரியாவை யூரியேசு என்னும் நொதியம் அமோனியாவாகவும் காபனீரொட்சைட்டாகவும் பகுக்கின்றது. (சம்னர் 1926இல் ஒருவகை அவரை விதையிலிருந்து பளிங்காகப் பெற்ற இதுவே பளிங்காக்கப்பட்ட முதல் நொதியம்.) பின்னர் நுண்ணங்கிகள் அமோனியத்தை நைத்திரேற்றாக மாற்றுகின்றன. கூட்டெருவிலுள்ள புரதங்களும் நுண்ணங்கிகளாற் சிதைக்கப்பட்டு இதே அயன்களையே இறுதியில் தருகின்றன. வேரை அடைந்த நைத்திரேற்று அயனுக்குத் தான் தொழுவத்திலிருந்து வந்ததா தொழிற்சாலையிலிருந்து வந்ததா என்பது தெரியாது. தாவரம் மட்கையே உணவாக உண்கிறது என்ற பழைய கொள்கையை வோலரின் நண்பர் லீபிக் 1840இல் எதிர்த்தது இவ்வடிப்படையிலேயே. ஆயினும் லீபிக்கோடு நின்றுவிடுதலும் பிழை. மட்கு மண்ணின் கட்டமைப்பைப் பேணுகின்றது, நீரைத் தாங்குகின்றது, நுண்ணங்கிகளுக்கு வாழ்விடம் தருகின்றது. இவற்றுள் எதையும் யூரியா செய்யாது. அளவுமீறி இட்ட யூரியாவின் நைத்திரேற்று நிலத்தடிநீரிற் கலக்கின்றது. கிணற்றுநீரை நம்பிவாழும் யாழ்ப்பாணக் குடாநாட்டின் சுண்ணக்கற் பிரதேசத்தில் அது சிறிய பிரச்சினையன்று.

எனவே கேட்கவேண்டிய வினாக்கள் எவ்வளவு, எப்பொழுது, எந்த மண்ணுக்கு என்பனவாகும். யூரியாவில் நைதரசன் 46 சதவீதம். ஒரு ஹெக்டேயருக்கு 100 கிலோகிராம் நைதரசன் வேண்டுமெனக் கொண்டால் ஏறத்தாழ 217 கிலோகிராம் யூரியா போதும். நைதரசன் 1 சதவீதமுள்ள கூட்டெருவில் அதே அளவைப் பெற 10,000 கிலோகிராம் வேண்டும். அதிலும் ஒரு பகுதியே அப்போகத்திற் பயிருக்குக் கிடைக்கும். இவ்வெளிய கணக்கைப் போட்டுப்பார்ப்பதற்குப் பதிலாக, 2021இல் ஒரு சொல்லின் நற்பெயர் வாதமாக முன்வைக்கப்பட்டது. சேதனம் என்றால் உயிருக்கு உகந்தது, இரசாயனம் என்றால் நஞ்சு என்னும் எதிர்நிலை மேடைகளிற் பேசப்பட்டது. அவ்வாண்டு ஒற்றோபரில் இந்தியாவிலிருந்து யூரியாவை அடிப்படையாகக் கொண்ட நனோ நைதரசன் திரவப் பசளை கொண்டுவரப்பட்டபோது, அது சேதனமா இரசாயனமா என்ற விவாதம் எழுந்தது. இரண்டும் ஒன்றாக இருக்கலாம் என்று சொல்வதற்கு அவ்விவாதத்தின் மொழி இடந்தரவில்லை. நவம்பரில் தடை விலக்கப்பட்டது. பெரும்போக விளைச்சலோ கடுமையாக வீழ்ந்தது. அதன் சுமையை முதலிற் சுமந்தவர்கள் கடன்பட்டு விதைத்த சிறு விவசாயிகள்.

ஒரு சொல்மயக்கமே இத்துணைக்கும் காரணம் என நாம் கூறவில்லை. அந்நியச் செலாவணி நெருக்கடியும் ஆயத்தமின்மையும் பெரிய காரணங்கள். ஆனால் மயக்கம் அவற்றுக்குத் திரையாக உதவியது. ஆகையால் நமது அகராதிகளும் பாடநூல்களும் சேதனம் என்ற தலைப்பின்கீழ் இரண்டு பதிவுகளைத் தனித்தனியே தருதல் வேண்டும்: ஒன்று காபன் சேர்வைகளின் இரசாயனம் பற்றியது, மற்றையது ஒரு பண்ணைமுறை பற்றியது, இவற்றுள் ஒன்றிலிருந்து மற்றதைப் பெறமுடியாது என்ற குறிப்பும் உடன் வேண்டும். இரசாயனவியலிற் பெயரையே மாற்றலாம் என்போர் உளர். மூன்று தலைமுறை மாணவர் பயின்ற சொல்லைப் பெயர்த்தெடுப்பது எளிதன்று. அதற்குரிய பயனும் ஐயத்திற்குரியது.

வயலைப் பொறுத்தவரை அப்பெயர் இல்லாமலும் நமது விவசாயி காரியம் பார்த்தே வந்துள்ளான். மாட்டெரு, ஆட்டெரு, கூட்டெரு, பூவரசங் குழை தாழ்த்தல், பனையோலை புதைத்தல், பட்டி அடைத்தல் என அவனிடம் தனித்தனிப் பெயர்கள் இருந்தன. மண்ணுக்குள் எது போகிறது என்பதை ஒவ்வொன்றும் சொல்லிற்று. சேதனப் பசளை என்னும் தொடர் அலுவலகங்களிலிருந்து அவனிடம் வந்தது.